கதை முடியும் விதம் மாறிய காலம்: ‘புதிய ஹாலிவுட்’ ஓர் அறிமுகம்

1968ஆம் ஆண்டு ஏப்ரல் 8, திங்கட்கிழமை நடப்பதாக இருந்த ஆஸ்கர் விருது விழா இரண்டு நாள் தள்ளிவைக்கப்பட்டது. அதற்கு நான்கு நாட்களுக்கு முன்னர்தான் மெம்ஃபிஸ் நகரில் மார்ட்டின் லூதர் கிங் சுட்டுக் கொல்லப்பட்டிருந்தார்; அவருடைய இறுதிச் சடங்கு 9ஆம் தேதி நடக்கவிருந்தது. அதற்கு முன் விழா நடந்தால் தாங்கள் வரப்போவதில்லை என்று சிட்னி பாய்ட்டியர் உள்ளிட்ட கறுப்பினக் கலைஞர்கள் தெரிவித்த பிறகு, விழா 10ஆம் தேதிக்கு மாற்றப்பட்டது.

அந்த ஆண்டு சிறந்த படத்துக்கான போட்டியில் நின்ற ஐந்து படங்களைப் பார்த்தாலே, ஒரே திரையுலகத்துக்குள் இரண்டு காலங்கள் மோதிக்கொண்டிருந்தது தெரியும். விலங்குகளோடு பேசும் மருத்துவரைப் பற்றிப் பெருஞ்செலவில் எடுக்கப்பட்டு நட்டமடைந்த ‘டாக்டர் டூலிட்டில்’ அவற்றுள் ஒன்று. வெள்ளையினப் பெண் ஒருத்தி தான் மணக்கவிருக்கும் கறுப்பின மருத்துவரை வீட்டுக்கு அழைத்துவரும் கதை மற்றொன்று. இத்தகைய திருமணத்தைத் தடைசெய்யும் சட்டம் 1967 ஜூன் வரை 16 மாநிலங்களில் இருந்தது என்பதையும், அந்த மாதத்தில்தான் உச்ச நீதிமன்றம் அச்சட்டங்களைச் செல்லாதவை ஆக்கியது என்பதையும் நினைவில் வைத்தால் அந்தக் கதையின் காலப்பொருத்தம் விளங்கும். மூன்றாவது, தெற்கு மாநிலச் சிற்றூரில் கொலை வழக்கில் துப்புத் துலக்கும் கறுப்பினக் காவல் அதிகாரியின் கதை. கதை மிசிசிப்பியில் நடந்தாலும், தெற்கே போவது பாதுகாப்பானதாக இராது என்று நாயகன் பாய்ட்டியர் கருதியதால் பெரும்பகுதி இலினாய் மாநிலத்தில் படமாக்கப்பட்டது. மீதி இரண்டும் ‘பானி அண்ட் கிளைடு’, ‘தி கிராஜுவேட்’. விருது மூன்றாவது படத்துக்குப் போனது. ஆனால் அடுத்த பத்தாண்டுகளின் அமெரிக்கத் திரைப்படத்துக்குத் திசை காட்டியவை கடைசி இரண்டும்தான்.

1967 வாக்கில் தொடங்கி 1970களின் பிற்பகுதி வரை நீண்ட அந்தக் காலத்தைத்தான் ‘புதிய ஹாலிவுட்’ என்று அழைக்கிறார்கள். அதைப் பற்றிப் பேசும்போது துணிச்சலான இளம் இயக்குநர்களின் பெயர்களை அடுக்குவதே வழக்கம். அந்தப் பெயர்கள் முக்கியமானவைதாம். ஆயினும், சமூகக் கொந்தளிப்பு ஒரு கலையை எப்படி மாற்றியது என்பதை முதன்முறையாக அறிய விரும்புபவருக்கு நான் வேறொரு வழியைக் காட்டுவேன்: அந்தக் காலத்துப் படங்கள் எப்படி முடிகின்றன என்று கவனியுங்கள். நாட்டில் நிகழ்ந்த உடைவு கதைகளின் முடிவில்தான் மிகத் தெளிவாகப் பதிந்திருக்கிறது.

முதலில் பழைய முடிவுகள் ஏன் அப்படி இருந்தன என்று பார்க்க வேண்டும். 1930இல் எழுதப்பட்டு 1934 முதல் கண்டிப்பாக நடைமுறைக்கு வந்த ஒரு விதித்தொகுப்பு ஹாலிவுட்டை ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் ஆண்டது. ‘ஹேஸ் விதிகள்’ என்று பரவலாக அறியப்படும் இது அரசாங்கத் தணிக்கை அன்று. அரசாங்கம் தலையிடாமல் இருப்பதற்காகத் திரைத்துறை தனக்குத் தானே போட்டுக்கொண்ட கட்டு. திரைக்கதை நிலையிலேயே ஒவ்வொரு படமும் இந்த விதிகளை நடைமுறைப்படுத்திய அலுவலகத்தின் ஒப்புதலுக்குப் போக வேண்டும். அதன் ஒப்புதல் முத்திரை பெறாமல் படத்தை வெளியிடும் நிறுவனத்துக்கு 25,000 டாலர் அபராதம். குற்றம் செய்தவன்பால் பார்வையாளரின் பரிவு போய்விடக் கூடாது. தவறு தண்டிக்கப்பட வேண்டும். சட்டமும் குடும்பமும் சமயமும் இழிவுபடக் கூடாது. வெள்ளையரும் கறுப்பரும் காதலுறவு கொள்வதைக் காட்டுவதற்கும் பல்லாண்டுகள் தடை இருந்தது. இந்த விதிகளின்படி ஒரு கதை எங்கு அலைந்தாலும் கடைசியில் ஒழுங்கு மீண்டாக வேண்டும். இத்தகைய முடிவுக்கு அடியில் ஒரு நம்பிக்கை கிடக்கிறது: இந்த நாட்டில் எல்லாருக்கும் பொதுவான ஓர் ஒழுங்கு உண்டு, அதை எல்லாரும் நியாயமானது என்று ஏற்கிறார்கள் என்னும் நம்பிக்கை. 1960களின் தெருக்கள் பொய்யாக்கியது இந்த நம்பிக்கையைத்தான்.

கொந்தளிப்பு மட்டுமே ஹாலிவுட்டின் கதவைத் திறந்துவிடவில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். கதவு ஏற்கெனவே உளுத்திருந்தது. படத்தைத் தயாரிப்பதும், அதை விநியோகிப்பதும், அது ஓடும் திரையரங்குகளை உடைமையாக வைத்திருப்பதும் ஒரே நிறுவனத்தின் கையில் இருந்த நிலையை 1948இல் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு முறித்தது. 1950இல் பத்தில் ஒரு வீட்டில்கூட இல்லாத தொலைக்காட்சி, 1960க்குள் பத்தில் ஏறத்தாழ ஒன்பது வீடுகளுக்குள் வந்துவிட்டது. 1952இல் ரொசெல்லினி இயக்கிய ஓர் இத்தாலியப் படத்தைச் சமய நிந்தனை என்று நியூயார்க் மாநிலம் தடைசெய்த வழக்கில், திரைப்படத்துக்கும் பேச்சுரிமைப் பாதுகாப்பு உண்டு என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பார்வையாளரை மீட்டுக்கொண்டுவர நிறுவனங்கள் பிரம்மாண்டத்தை நம்பின. 1963இல் வந்த ‘கிளியோபாட்ரா’ ஃபாக்ஸ் நிறுவனத்தை மூழ்கடிக்கப் பார்த்தது. 1965இல் ‘தி சவுண்ட் ஆஃப் மியூசிக்’ கொட்டிக்கொடுத்த பணம், அதே வகைப் பாட்டுப்படங்களை மேலும் எடுக்கத் தூண்டி இன்னும் பெரிய நட்டத்தில் கொண்டுபோய் விட்டது. 1966இல் பாரமவுண்ட்டையும், 1967இல் யுனைடெட் ஆர்ட்டிஸ்ட்ஸையும், 1969இல் வார்னர் பிரதர்ஸையும் திரைப்படத்துக்கு வெளியே வளர்ந்த பெருவணிகக் குழுமங்கள் விழுங்கின. அவற்றை நடத்த வந்தவர்களுக்கு இளைஞர்கள் எதைப் பார்க்க வருவார்கள் என்பது பிடிபடவில்லை. தெரியாதவர்கள் பொறுப்பில் இருந்த அந்த இடைவெளியில்தான் புதியவர்கள் நுழைந்தார்கள்.

பார்வையாளர்களும் மாறியிருந்தார்கள். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு பிறந்த பெருந்தலைமுறை கல்லூரி வயதை எட்டியிருந்தது. 1963இல் குடியரசுத் தலைவர் கென்னடி கொல்லப்பட்டதை அவர்கள் பள்ளிப் பருவத்தில் அறிந்தவர்கள்; தெற்கு மாநிலங்களில் வாக்குரிமை கேட்டு நடந்தவர்கள்மீது காவல்துறை தடியடி நடத்தியதை வீட்டுத் தொலைக்காட்சியில் பார்த்தவர்கள்; கட்டாய ராணுவ சேவைக்கான ஆணை தங்கள் பெயருக்கு எப்போது வரும் என்று காத்திருந்தவர்கள். வியட்நாம் போர் ஒவ்வொரு மாலையும் செய்தியாக வரவேற்பறைக்குள் வந்தது. உண்மையான சாவை வீட்டிலேயே பார்த்துவிட்ட ஒருவருக்கு, திரையில் துளி இரத்தம் சிந்தாமல் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு விழும் நடிகரை எப்படி நம்ப முடியும்?

‘பானி அண்ட் கிளைடு’ இந்தக் கேள்விக்குத்தான் விடை கண்டது. 1967 ஜூலையில் நுவார்க்கிலும் டெட்ராய்ட்டிலும் இனக் கலவரங்கள் வெடித்து, டெட்ராய்ட்டில் மட்டும் 43 பேர் இறந்தனர்; அடுத்த மாதமே இந்தப் படம் திரைக்கு வந்தது. 1930களின் பொருளாதாரப் பெருமந்தத்தின்போது வங்கிகளைக் கொள்ளையடித்து, 1934இல் காவலர்களால் சுட்டுக் கொல்லப்பட்ட உண்மையான இருவரின் கதை அது. பழைய விதிகளின் கணக்கில் அவர்கள் சாவதே நீதி. ஆனால் இயக்குநர் ஆர்தர் பென் அந்தச் சாவை நான்கு கேமராக்களால் வெவ்வேறு வேகங்களில் படம்பிடித்தார். படத்தொகுப்பாளர் டீடி ஆலன் அவற்றை மெல்லசைவும் இயல்பசைவுமாகக் கோத்தார். குண்டுகள் உடல்களை ஆட்டிவைப்பது ஒரு கோரமான நடனம் போல நீள்கிறது. பிறகு சட்டென்று அமைதி. ஆறுதல் தரும் ஒரு சொல்கூட இல்லாமல் படம் முடிந்துவிடுகிறது. கிளைடின் தலையிலிருந்து ஒரு துண்டு சிதறும் கணத்தில் கென்னடி கொலை தம் மனத்தில் இருந்ததாகப் பென் பின்னாளில் கூறியிருக்கிறார். கொள்ளையர்களுக்காக அழுதபடி வெளியே வந்த இளைஞர்கள், சுட்டவர்களின் பக்கம் நிற்க மறுத்தார்கள். சட்டத்தின் கை ஓங்கியபோது நிம்மதிக்குப் பதிலாகத் திகில் எழுந்த முடிவு அது.

இந்தப் படம் விமர்சகர்களையே தலைமுறைவாரியாகப் பிளந்தது. ‘நியூயார்க் டைம்ஸ்’ இதழில் பல்லாண்டுகள் கோலோச்சிய பாஸ்லி கிரௌதர் அதை ஒருமுறைக்கு மேல் கடுமையாகச் சாடினார். ‘நியூஸ்வீக்’கின் ஜோசப் மார்கன்ஸ்டர்ன் முதலில் தாக்கி எழுதிவிட்டு, பொதுமக்களோடு உட்கார்ந்து மீண்டும் பார்த்த பிறகு, அடுத்த வாரமே தம் கருத்து தவறென்று அச்சில் ஒப்புக்கொண்டார், விமர்சன உலகில் மிக அரிதான அந்த நேர்மையை நான் பெரிதும் மதிக்கிறேன். பாலின் கேல் ‘நியூயார்க்கர்’ இதழில் நீண்ட கட்டுரை எழுதி ஆதரித்தார். கிரௌதர் சில மாதங்களில் அந்தப் பொறுப்பிலிருந்து விலகினார். முதலில் சரியாக ஓடாத படம் மீண்டும் வெளியிடப்பட்டுப் பெருவெற்றி பெற்றது.

‘தி கிராஜுவேட்’டின் முடிவில் இரத்தம் இல்லை, ஆனால் அதுவும் அதே அளவுக்குப் புதியது. கல்லூரிப் படிப்பை முடித்து, பெற்றோரின் வசதியான வாழ்க்கைக்குள் நுழைய மனமில்லாமல் தத்தளிக்கும் இளைஞன், தான் விரும்பும் பெண்ணை அவளுடைய திருமணத்திலிருந்தே அழைத்துக்கொண்டு ஓடி ஒரு பேருந்தில் ஏறுகிறான். பழைய படம் அந்தச் சிரிப்போடு நின்றிருக்கும். இயக்குநர் மைக் நிக்கல்ஸ் கேமராவை நிறுத்தவில்லை. கடைசி இருக்கையில் அமர்ந்திருக்கும் இருவர் முகத்திலும் சிரிப்பு மெல்ல வடிகிறது. ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளவும் தயங்குகிறார்கள். தப்பித்தாயிற்று, இனி எங்கே என்னும் கேள்வியோடு பேருந்து போய்க்கொண்டிருக்கிறது. ஒரு தலைமுறை தன் எதிர்ப்பின் உற்சாகத்தையும் அதற்குப் பின் வரும் வெறுமையையும் அந்த ஒரே ஷாட்டில் கண்டது. நாயகனாக நடித்த டஸ்டின் ஹாஃப்மன் அன்றைய இலக்கணப்படி நாயகத் தோற்றம் உடையவர் அல்லர் என்பதும் இதன் ஒரு பகுதி. அதன் பிறகு திரையில் சாதாரண முகங்களுக்கும் இடம் கிடைத்தது.

1968 நவம்பர் 1 அன்று ஹேஸ் விதிகள் போய், வயதுவாரியான தரப்பிரிப்பு முறை வந்தது. ஒரு படம் எல்லாருக்கும் ஏற்றதாக இருக்க வேண்டும் என்ற எதிர்பார்ப்பு அதோடு முடிந்தது. யாருக்கான படம் என்று சொல்லிவிட்டால் போதும் என்றானது. வயது வந்தோருக்கு மட்டும் என்ற கடுமையான முத்திரையோடு வந்த ‘மிட்நைட் கௌபாய்’ 1970 ஏப்ரலில் சிறந்த படத்துக்கான ஆஸ்கரையே பெற்றது.

அதே 1968இல், ஹாலிவுட்டிலிருந்து வெகுதொலைவில், பிட்ஸ்பர்க் நகரத்தார் சிலர் சொந்த முயற்சியில் எடுத்த சிறுசெலவுத் திகில் படம் ‘நைட் ஆஃப் தி லிவிங் டெட்’. இயக்குநர் ஜார்ஜ் ரொமேரோ நாயக வேடத்துக்குக் கறுப்பின நடிகர் டுவான் ஜோன்ஸைத் தேர்ந்தெடுத்தார். அந்தப் பாத்திரத்தின் நிறம் பற்றித் திரைக்கதையில் எதுவும் இல்லை. உயிர்த்தெழுந்த பிணங்களிடமிருந்து இரவெல்லாம் போராடித் தப்பும் அவர், விடிந்ததும் காப்பாற்ற வந்த துப்பாக்கிக் கூட்டத்தால் பிணம் என்று கருதப்பட்டுச் சுட்டுக் கொல்லப்படுகிறார். கொக்கிகளோடு வரும் வெள்ளையர்கள் உடலை எரிப்பதற்குக் கொண்டுபோவது, நாளிதழ்ப் புகைப்படங்கள் போன்ற புள்ளி விழுந்த அசையாப் படங்களாக வருகிறது. கறுப்பினத்தவர்மீது நடந்த கும்பல் கொலைகளின் புகைப்படங்களை அறிந்த எந்த அமெரிக்கரும் அதைத் திகில் கதை என்று மட்டும் எண்ணிக் கடந்துபோயிருக்க முடியாது. இவ்வளவு சிறிய படம் நாட்டைப் பற்றிச் சொன்னதை எந்தப் பெருநிறுவனப் படமும் அந்த ஆண்டு சொல்லவில்லை என்பது என் துணிபு.

1969இல் வந்த ‘ஈஸி ரைடர்’ ஏறத்தாழ 4 லட்சம் டாலரில் எடுக்கப்பட்டுப் பல மடங்கு ஈட்டி, பெருநிறுவனங்களின் கணக்கையே குழப்பியது. மோட்டார் சைக்கிளில் நாட்டைக் குறுக்கே கடக்கும் இரு இளைஞர்கள், தெற்கு மாநிலச் சாலை ஒன்றில், நீளமாக முடி வளர்த்திருப்பதைத் தவிர வேறு பகை ஏதுமின்றி, சரக்கு வண்டியில் வந்தவர்களால் சுட்டுக் கொல்லப்படுகிறார்கள். லூசியானாவின் சிற்றுண்டிக் கடைக் காட்சியில் அந்த ஊர்க்காரர்களே நடித்தார்கள். ஒளிப்பதிவாளர் லாஸ்லோ கோவாக்ஸ், 1956இல் புடாபெஸ்ட் தெருக்களில் சோவியத் டாங்கிகளைப் படம்பிடித்து, அந்தச் சுருள்களோடு எல்லை தாண்டித் தப்பி வந்த ஹங்கேரியர். அரங்க விளக்குகள் இல்லாமல், கிடைத்த வெளிச்சத்தில், நிலைமை அனுமதிக்கும் வேகத்தில் படம்பிடிக்கும் பழக்கம் அவருக்குக் கலைக்கொள்கை ஆவதற்கு முன்பே உயிர்த்தேவையாக இருந்தது. அவரைப் பற்றி அறிந்த பிறகு அந்தப் படத்தின் சாலைகளைப் பார்க்கும் கண்ணே மாறிவிடுகிறது.

கருவிகளின் மாற்றமும் இங்கே கலக்கிறது. தோளில் வைத்துத் தூக்கிச் செல்லக்கூடிய கேமராக்களும், நாக்ரா போன்ற எளிதில் தூக்கிச் செல்லக்கூடிய ஒலிப்பதிவுக் கருவியும் ஆவணப்பட இயக்குநர்கள் கையில் 1960களின் தொடக்கத்திலேயே வந்துவிட்டன. அரங்கச் சுவர்களுக்கு வெளியே போவது எளிதானது. 1968 ஆகஸ்டில் சிகாகோவில் ஜனநாயகக் கட்சி மாநாட்டின்போது போர் எதிர்ப்பாளர்கள்மீது காவல்துறை பாய்ந்தபோது, இயக்குநர் ஹாஸ்கெல் வெக்ஸ்லர் ‘மீடியம் கூல்’ படத்துக்காக அங்கே இருந்தார். மஞ்சள் உடை அணிந்த நடிகை ஒருவர், கதைப்படி தன் மகனைத் தேடிக்கொண்டு, உண்மையான கூட்டத்துக்குள்ளும் உண்மையான ராணுவ வீரர்களின் வரிசையோரமாகவும் நடந்து போகிறார். கதையையும் நாட்டையும் பிரிக்கும் கோடு அந்தக் காட்சியில் அழிந்துவிடுகிறது.

இவ்வளவும் நடந்தபின் நிறுவனங்கள் கிளர்ச்சியை ஒரு சரக்காகவே விற்கப் பார்த்தன. கல்லூரி வளாகப் போராட்டங்களைப் பற்றி 1970இல் பல படங்கள் விரைந்து வந்தன, பெரும்பாலானவை ஓடவில்லை. அந்த ஆண்டு மே 4 அன்று ஓஹையோவின் கென்ட் மாநிலப் பல்கலைக்கழகத்தில் தேசியக் காவற்படை சுட்டு நான்கு மாணவர்கள் இறந்த பிறகு, சுவரொட்டி வாசகங்களைத் திரையில் கேட்பதற்கு இளைஞர்கள் காசு கொடுக்கத் தயாராக இல்லை. கொந்தளிப்பைப் பேசிய படங்களைவிட, கொந்தளிப்பால் வடிவமே மாறிப்போன படங்கள்தாம் நிலைத்தன என்று நான் சொல்வது இதனால்தான்.

1972இல் ‘தி காட்ஃபாதர்’ முடிவில், கொலைகளுக்கு ஆணையிட்ட மகன் குடும்பத் தலைவனாகிறான். அவன் மனைவியின் முகத்துக்கு நேரே கதவு சாத்தப்படுகிறது. தண்டனை இல்லை. முப்பதாண்டுகளுக்கு முன் அந்தத் திரைக்கதைக்கு முத்திரை கிடைத்திருக்காது. அதே ஆண்டு ஜூன் மாதம், வாஷிங்டனில் எதிர்க்கட்சியின் அலுவலகம் இருந்த வாட்டர்கேட் கட்டடத்தில் ஒரு திருட்டு முயற்சி பிடிபட்டது. அதன் பின்னணியை மூடிமறைக்க முயன்றது அம்பலமாகி, ஈராண்டுகளுக்குப் பின், 1974 ஆகஸ்ட் 9 அன்று, குடியரசுத் தலைவர் நிக்சன் பதவி விலகினார். அந்த ஆண்டின் படங்களில் அவநம்பிக்கை ஒரு தட்பவெப்பம் போலப் பரவியிருக்கிறது. ‘தி கான்வர்சேஷன்’ படத்தில் பிறர் பேச்சை ஒட்டுக்கேட்பதையே தொழிலாகக் கொண்டவன், தன் வீட்டில் யாரோ ஒளித்து வைத்திருக்கும் ஒட்டுக்கேட்புக் கருவியைத் தேடித் தரைப்பலகைகளைப் பெயர்த்துவிட்டு, கிடைக்காமல், இடிபாட்டின் நடுவே சாக்சஃபோன் வாசிக்கிறான். ஜூன் 20 அன்று வெளியான ‘சைனாடவுன்’ படத்துக்கு ராபர்ட் டவுன் எழுதிய முடிவில் கொடியவன் கொல்லப்பட்டான். இயக்குநர் ரோமன் பொலான்ஸ்கி அதை மாற்றினார். நகரத்தின் தண்ணீரையும் நிலத்தையும் சூழ்ச்சியால் வளைக்கும் அந்தச் செல்வந்தன் பிழைத்துக்கொள்கிறான்; அப்பாவிப் பெண் சாகிறாள்; உண்மையைக் கண்டுபிடித்த துப்பறிவாளனால் எதையும் தடுக்க முடியவில்லை. ஹேஸ் விதிகளின் முடிவு அப்படியே தலைகீழானது இங்கேதான்.

கிளர்ச்சி என்று கொண்டாடப்படும் இந்தக் காலம் எல்லாருக்கும் ஒரே அளவில் கதவு திறக்கவில்லை. மேலே சொன்ன பெருவெற்றிகளின் இயக்குநர்கள் அனைவரும் வெள்ளை ஆண்கள். 1971இல் மெல்வின் வான் பீபிள்ஸ் தாமே எழுதி, இயக்கி, தொகுத்து, இசையமைத்து, நடித்து, 19 நாட்களில் முடித்த படம், முதலில் டெட்ராய்ட்டிலும் அட்லாண்டாவிலுமாக இரண்டே திரையரங்குகளில்தான் வெளியானது. பிறகு கறுப்பினப் பார்வையாளர்கள் அதைப் பெருவெற்றியாக்கினார்கள். காவல்துறையால் வேட்டையாடப்படும் கறுப்பின நாயகன் அதில் சாவதில்லை. எல்லை கடந்து மெக்சிகோவுக்குப் போய்விடுகிறான். வெள்ளை இளைஞர்களின் படங்களில் நாயகன் சாவது புதுமையாக இருந்த அதே காலத்தில், கறுப்பினப் பார்வையாளருக்கு நாயகன் உயிரோடு இருப்பதே புதுமையாக இருந்தது. பெண்களின் நிலைமையும் கடினம். பார்பரா லோடன் எழுதி, இயக்கி, நடித்த ‘வாண்டா’ 1970இல் வெனிஸ் விழாவில் பரிசு பெற்றது. பென்சில்வேனிய நிலக்கரிப் பகுதியில் எதன்மீதும் பிடிப்பின்றி அலையும் அதன் நாயகி, கடைசியில் முன்பின் தெரியாதவர்களின் நடுவே மதுக்கடை மேசையில் உட்கார்ந்திருக்க, சட்டகம் உறைந்து நிற்கிறது. அதன் பிறகு லோடன் இன்னொரு முழுநீளப் படம் எடுக்கவே இல்லை.

1975 ஏப்ரல் 30 அன்று சைகோன் வீழ்ந்து வியட்நாம் போர் முடிந்தது. ‘சைனாடவுன்’ வெளியாகிச் சரியாக ஓராண்டு கழித்து, ஜூன் 20 அன்று, ‘ஜாஸ்’ வந்தது. நாடு தழுவிய தொலைக்காட்சி விளம்பரத்தோடு, ஒரே நாளில் 400க்கும் மேற்பட்ட திரையரங்குகளில். அதில் ஊரின் மேயர் வருவாய்க்காக ஆபத்தை மறைக்கிறார். அந்த அளவுக்கு அது வாட்டர்கேட் காலத்துப் படம்தான். ஆனால் முடிவில் சுறா வெடித்துச் சிதறுகிறது, காவல் அதிகாரி சிரித்தபடி கரைக்கு நீந்துகிறார். களைத்துப்போன நாடு அந்தச் சிரிப்புக்கு ஏங்கியிருந்தது. அதில் குறை காண எனக்கு மனமில்லை. நிறுவனங்களோ அதிலிருந்து ஒரு சூத்திரத்தைக் கற்றுக்கொண்டன. 1977இல் ‘ஸ்டார் வார்ஸ்’ பதக்கம் சூட்டும் விழாவோடு, எழுந்து நிற்கும் கூட்டத்தின் ஆரவாரத்தோடு முடிந்தது. 1980இல் சுமார் 4 கோடியே 40 லட்சம் டாலர் விழுங்கித் தோற்ற ‘ஹெவன்ஸ் கேட்’டுக்குப் பிறகு, ஓர் இயக்குநரை நம்பிப் பெரும்பணத்தைக் கொடுக்க யாரும் துணியவில்லை, அதைத் தயாரித்த யுனைடெட் ஆர்ட்டிஸ்ட்ஸ் அடுத்த ஆண்டே கைமாறியது.

‘ஸ்டார் வார்ஸ்’ வெளியான அதே 1977இல், லாஸ் ஏஞ்சலிஸ் நகரத்திலேயே, கலிஃபோர்னியப் பல்கலைக்கழக மாணவர் சார்ல்ஸ் பர்னெட் தம் பட்டத்துக்காக ‘கில்லர் ஆஃப் ஷீப்’ என்னும் கறுப்பு வெள்ளைப் படத்தைச் சமர்ப்பித்தார். 1965இல் கலவரம் எரித்த வாட்ஸ் பகுதியில், வார இறுதிகளில், அங்கு வாழ்பவர்களையே நடிக்கவைத்து, 10,000 டாலருக்கும் குறைவான செலவில் எடுத்தது. ஆடு வெட்டும் கூடத்தில் வேலை பார்க்கும் ஒரு குடும்பத்தலைவனின் தூக்கமின்மையும், இடிந்த கட்டடங்களுக்கு இடையே சிறுவர்களின் விளையாட்டும் தவிர அதில் பெரிய நிகழ்ச்சி எதுவும் இல்லை. கடைசிக் காட்சியில் அவன் ஆடுகளை வெட்டுமிடத்துக்கு ஓட்டிக்கொண்டு போகிறான். அதில் ஒலிக்கும் பாடல்களுக்கு உரிமை வாங்கப் பணம் இல்லாததால், அந்தப் படம் திரையரங்குகளுக்கு முறையாக வந்து சேர்ந்தது 2007இல்தான்.